பழமொழி திரட்டிய பெர்சிவல்

நுழையும்முன்

ஒரு மொழி பேசும் மக்கள் தம் பட்டறிவைச் சேர்த்துவைத்திருக்கும் களஞ்சியம் பழமொழி. அக்களஞ்சியத்துக்குப் பூட்டும் இல்லை, கணக்கேடும் இல்லை. தமிழ்ப் பழமொழிகளுக்கு அப்படியொரு கணக்கேட்டை எழுத முற்பட்டவர்களுள் முன்னவர் ஒருவர் கடல்கடந்து வந்தவர்; தம் இறுதி நாள்களைக் கொங்கு மண்ணின் மலையொன்றில் கழித்தவர். அவரது வாழ்க்கையை அறிவோம்.

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு ஏறும் மலைப்பாதையில் இருபது கொண்டையூசி வளைவுகள் உண்டு. கொங்கு நாட்டின் கிழக்கு விளிம்பில், சேர்வராயன் மலைமேல், ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் அமைந்த ஊர் அது. சேலம் மாவட்ட ஆட்சியராக இருந்த காக்பர்ன் 1820களில் அங்குக் காப்பிப் பயிரை அறிமுகப்படுத்தினார். அதன்பின் தோட்டக்காரர்களும், சமவெளியின் வெப்பம் தாங்காத ஐரோப்பியரும் அம்மலையை நாடி வந்தனர். 1882ஆம் ஆண்டில் அம்மலையூரில் முதியவர் ஒருவர் காலமானார். அவர் பெயர் பீட்டர் பெர்சிவல். தம் வாழ்நாளின் பெரும்பகுதியைத் தமிழ் கேட்பதிலும், தமிழ் கற்பிப்பதிலும், தமிழைப் பதிப்பதிலும் செலவிட்டவர் அவர். இன்று ஏற்காட்டுக்குச் சுற்றுலா செல்லும் நம்மில் எத்தனை பேர் அப்பெயரை அறிவோம்?

யாழ்ப்பாணத்தில் ஒரு மாணவர்

பெர்சிவல் 1803ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பிறந்தார். வெசுலியன் மெதடிஸ்டு திருச்சபையின் சமயப் பணியாளராக 1826ஆம் ஆண்டு யாழ்ப்பாணம் வந்து சேர்ந்தபோது அவருக்கு இருபத்து மூன்று வயது. இடையில் சில காலம் வங்காளத்தில் பணியாற்றிய பின் மீண்டும் யாழ்ப்பாணத்துக்கே திரும்பினார். அங்கு மெதடிஸ்டு திருச்சபை நடத்திவந்த ஆங்கிலப் பள்ளி அவர் பொறுப்பில் வளர்ந்தது. பின்னாளில் யாழ்ப்பாணம் மத்திய கல்லூரி எனப் பெயர் பெற்றது அப்பள்ளியே. பெண்கல்விக்குப் பெயர்பெற்ற வேம்படி மகளிர் பள்ளியின் தொடக்கமும் அக்காலத்ததே.

பள்ளிகளைப் பற்றிப் பேசும் நூல்கள் பல உள்ளன. நாம் கருத வேண்டியது வேறொன்று. ஆசிரியராக வந்தவர் அங்கே முதலில் மாணவராக வேண்டியிருந்தது. தமிழ் கற்கும் வேற்றுமொழியாளர் எவரும் இலக்கணத்தை ஒருவாறு கடந்துவிடுவர். சொற்பொருளை அகராதியில் காண்பர். பழமொழியில் மட்டும் தடுக்கி விழுவர். யானைக்கும் அடி சறுக்கும் என்பதில் அறியாத சொல் எதுவும் இல்லை. ஆயினும் ஒரு பெரும்புலவர் பாடல் பாடும்போது சீர் ஒன்றைத் தவறவிட, அருகிருந்தோர் யானையைப் பற்றிப் பேசினால், வேற்றுமொழியாளர் திகைத்துத்தானே நிற்பார்? சொல் தெரிந்தும் பொருள் தெரியாத இந்த இடத்தில்தான் ஒரு மக்களின் மனம் ஒளிந்திருக்கிறது. அதனைப் பெர்சிவல் கண்டுகொண்டார்.

கேட்ட பழமொழிகளைத் தொகுத்தார். ஒவ்வொன்றுக்கும் ஆங்கிலத்தில் பொருள் எழுதினார். அத்தொகுப்பு 1840களின் தொடக்கத்தில் திருட்டாந்த சங்கிரகம் என்னும் பெயருடன் யாழ்ப்பாணத்தில் அச்சேறியது. அதில் 1,800க்கும் மேற்பட்ட பழமொழிகள் இருந்தன. திருட்டாந்தம் என்பது எடுத்துக்காட்டு. சங்கிரகம் என்பது திரட்டு. இப்பெயர் கருதத்தக்கது. பழமொழி தனித்து நிற்பதன்று. ஒருவர் தம் கருத்தை நிறுவுதற்கு எடுத்துக்காட்டும் துணை. தொல்காப்பியர் முதுமொழிக்கு வகுத்த இலக்கணமும் இதுவே. நுட்பமும் சுருக்கமும் ஒளியும் எளிமையும் பொருந்தி, கருதிய பொருளை முடித்தற்கு ஏதுவாக வருவது முதுமொழி என்பது அவர் கருத்து. முன்றுறையரையனார் நானூறு பழமொழிகளை நானூறு வெண்பாக்களில் பதித்து வைத்ததும் இம்முறை பற்றியே. எனினும் வெண்பாவுக்குள் புகுந்த பழமொழி யாப்புக்கு ஏற்ப உருமாறும். மக்கள் வாயில் வழங்கியவாறே, வேறு அணி எதுவும் பூட்டாமல், ஆயிரக்கணக்கில் அச்சில் நிறுத்தும் பணி அச்சு இயந்திரத்தின் காலத்துக்கே உரியதாயிற்று.

பெர்சிவலின் நோக்கம் தமிழ்த்தொண்டு மட்டுமே என்று கூறுதல் பொருந்தாது. அவர் சமயம் பரப்ப வந்தவர். கேட்போர் உள்ளத்தைத் தொடும் சொல் எது என அறிவது அவருக்குத் தொழில் சார்ந்த தேவை. இதனை மறைக்க வேண்டியதில்லை. தேவை கருதித் தொடங்கிய செயல் பின்னர்த் தேவையையும் கடந்து வளர்ந்தது என்பதே இவ்வாழ்க்கையில் நாம் காணும் சுவை.

இருவேறு சமயத்தார், ஒரே மேசை

அப்பள்ளியில் பயின்று அங்கேயே ஆசிரியராகவும் அமர்ந்த இளைஞர் ஒருவர் இருந்தார். நல்லூரைச் சேர்ந்த ஆறுமுகம் பிள்ளை என்பது அவர் பெயர். 1822இல் பிறந்த அவரைப் பின்னர்த் தமிழுலகம் ஆறுமுக நாவலர் எனப் போற்றியது. விவிலியத்தைப் பிழையற்ற நல்ல தமிழில் பெயர்க்கும் பணியைப் பெர்சிவல் மேற்கொண்டபோது, துணையாகத் தேர்ந்துகொண்டது அந்த இளைஞரைத்தான். தம் சமயத்தைச் சேர்ந்தவர் எவரையும் அவர் தேடவில்லை, தமிழறிந்தவரைத் தேடினார்.

பல ஆண்டுகள் இருவரும் ஒருங்கிருந்து உழைத்தனர். திருநீறு அணிந்த சைவர் ஒருவரும் கிறித்தவப் பாதிரியார் ஒருவரும் ஒரே மேசையில் அமர்ந்து, ஒரு சொல்லுக்கு ஏற்ற சொல் எது என ஆராய்ந்த காட்சியை எண்ணிப் பாருங்கள். 1847ஆம் ஆண்டின் இறுதி நாளன்று வண்ணார்பண்ணைச் சிவன் கோயிலில் ஆறுமுகம் பிள்ளை சைவச் சொற்பொழிவைத் தொடங்கினார். வெள்ளிதோறும் அது தொடர்ந்தது. அதாவது, ஒரு பக்கம் விவிலிய மொழிபெயர்ப்பு. மறுபக்கம் அச்சமயப் பரப்புரைக்கு எதிரான சொற்பொழிவு. ஊரார் பலருக்கு இது வியப்பாயிருந்திருக்கும். பெர்சிவல் அவரைப் பணியிலிருந்து நீக்கவில்லை. 1848இல் சைவப் பள்ளி ஒன்றை நிறுவும் பொருட்டு ஆறுமுகம் பிள்ளை தாமே பதவியைத் துறந்தபோது, மிகுதியான ஊதியம் தருவதாகக் கூறிப் பெர்சிவல் தடுக்க முயன்றார் என நாவலர் வரலாறு எழுதியோர் குறிப்பர். அவர் தங்கவில்லை. கொள்கையில் எதிரெதிராக நின்ற இருவர் மொழியின் பொருட்டு ஒன்றாக நின்ற காலம் அத்துடன் முடிந்தது.

மொழிபெயர்ப்பு என்னவாயிற்று? அதனைச் சென்னைக்குக் கொண்டுசென்று, பெரும்புலவர் மழவை மகாலிங்கையரிடம் காட்டி, அதன் நடை நன்று என ஒப்புதல் பெற்றனர். 1850ஆம் ஆண்டு அது வெளிவந்தது. ஆனால் தமிழகத்திலிருந்த பிற திருச்சபையினர் அதனை ஏற்றுக்கொள்ளத் தயங்கினர். பழகிய பழைய பெயர்ப்பே போதும் என்றனர் சிலர். நடை உயர்ந்துவிட்டது என்றனர் சிலர். இருபது ஆண்டுகள் கழித்து வேறொரு பெயர்ப்பு அதன் இடத்தைப் பிடித்தது. வாழ்வின் உச்சத்தில் செய்த பெரும்பணி ஒன்று தம் கண்முன்னரே ஒதுக்கப்படுவதைக் காண நேர்ந்தவர் பெர்சிவல். வழியில் கேட்டு எழுதிய பழமொழிகளோ அவர் பெயரை இன்றளவும் தாங்கி நிற்கின்றன.

சென்னையில்

யாழ்ப்பாணத்தை விட்டு நீங்கிய பெர்சிவல் இங்கிலாந்து சென்றார். இந்தியாவைப் பற்றி ஆங்கிலத்தில் அவர் எழுதிய நூல் 1854இல் இலண்டனில் வெளியாயிற்று. மெதடிஸ்டு திருச்சபையிலிருந்து விலகி ஆங்கிலிக்கன் திருச்சபையைச் சார்ந்து சென்னைக்கு வந்தார். சில காலத்தில் அச்சபையின் பணியிலிருந்தும் விலகினார். பின்னர்ச் சென்னை மாநிலக் கல்லூரியில் பேராசிரியரானார். ஆங்கிலம்-தமிழ், ஆங்கிலம்-தெலுங்கு அகராதிகளை வெளியிட்டார். சபை மாறினார், ஊர் மாறினார், பதவி மாறினார். சொற்களைத் திரட்டுவதை மட்டும் விடவில்லை.

1855ஆம் ஆண்டு தினவர்த்தமானி என்னும் இதழை அவர் தொடங்கினார். பெயரில் தினம் இருந்தாலும் அது வார இதழே. அவ்விதழுக்கு ஆசிரியராகப் பணியாற்ற யாழ்ப்பாணத்துச் சிறுப்பிட்டியைச் சேர்ந்த இளைஞர் ஒருவரை அழைத்து வந்தார். அவர்தாம் சி. வை. தாமோதரம் பிள்ளை. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் பட்டதாரிகளுள் ஒருவராகவும், கலித்தொகையை 1887இல் முதன்முதலாக அச்சில் பதிப்பித்தவராகவும் நாம் அறியும் அப்பெருந்தகை தமிழகம் வந்தது இவ்விதழ் வழியாகவே. நாவலர், தாமோதரம் பிள்ளை என்னும் இரு பெரும் பதிப்பாசிரியர்களின் இளமைக்காலத்திலும் பெர்சிவல் குறுக்கிட்டிருக்கிறார் என்பதை வேறோர் ஆய்வுக்குரிய செய்தியாக இங்கு விட்டுச் செல்வோம்.

ஆறாயிரம் பழமொழிகள்

1874ஆம் ஆண்டு, எழுபத்தோராம் அகவையை எட்டும் நிலையில், பெர்சிவல் தம் பழமொழித் திரட்டை மீண்டும் வெளியிட்டார். முன்னைய 1,800 இப்போது ஆறாயிரத்துக்கு மேல் பெருகியிருந்தது. அச்சிட்டது அவ்விதழின் பெயர் கொண்ட தினவர்த்தமானி அச்சகம். அகர வரிசையில் அமைத்து, ஒவ்வொரு பழமொழிக்கும் கீழே ஆங்கிலப் பெயர்ப்பைத் தந்திருந்தார்.

அகர வரிசை தேடுவோர்க்கு எளிது. ஆனால் முதற்சொல் நினைவில் இல்லாவிட்டால் பழமொழியைக் கண்டெடுக்க இயலாது. மேலும் மழையைப் பற்றிய பழமொழிகள் பத்து இருந்தால் அவை பத்து இடங்களில் சிதறிக் கிடக்கும். டேனிய நாட்டுச் சமயப் பணியாளர் எர்மன் சென்சன் இக்குறையை உணர்ந்து 1897இல் பொருள்வாரியாகப் பகுத்த ஒரு தொகுப்பை வெளியிட்டார். அதற்கு மூன்று ஆண்டுகள் முன்னர் சான் லாசரசு என்பார் ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்டவற்றை அகராதியாக்கினார். பாதை போட்டவர் பெர்சிவல். பின்வந்தோர் அதனை அகலப்படுத்தினர்.

இத்தொகுப்புகளின் பயன் இன்று நமக்கு எதிர்பாராத ஓரிடத்தில் கைகொடுக்கிறது. ஆயிரம் பேரைக் கொன்றவன் அரை வைத்தியன் என்னும் பழமொழியை மேடையில் பேசுவோர் பலர் மாற்றி உரைப்பர். அது பேர் அன்று, வேர் என்பர். ஆயிரம் மூலிகை வேர்களைக் கையாண்டவனே வைத்தியன் என விளக்கம் தருவர். கேட்க இனிமையாகத்தான் இருக்கிறது. ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டுத் தொகுப்புகளில் அது பேர் என்றே காணப்படுகிறது. அரைகுறை மருத்துவரை எள்ளி நகையாடும் குறும்பு நம் முன்னோரிடம் இருந்தது. அதனை நாம் ஏன் பறிக்க வேண்டும்? பழமொழியைத் திருத்தி நல்லதாக்குவது ஒருவகைப் பற்று. அது எவ்வாறு வழங்கியதோ அவ்வாறே அறிவது ஆய்வு. மாணவர்கள் இரண்டையும் குழப்பிக்கொள்ளலாகாது.

இன்னொரு செய்தியையும் சொல்லாமல் விட முடியாது. பழமொழி அனைத்தும் ஞானம் அன்று. பெண்களை இழிவாகப் பேசுவன, ஒரு சாதியார் மற்றொரு சாதியாரை எள்ளுவன, உடற்குறை உடையோரை நகைப்பன எனப் பலவும் நம்மிடையே வழங்கியுள்ளன. பழைய திரட்டுகளைப் புரட்டுவோர் அவற்றையும் எதிர்கொள்வர். தொகுப்பாளர் அவற்றை விலக்கியிருந்தால் நூல் தூய்மையாகத் தோன்றும். ஆனால் வரலாறு பொய்யாகும். வகுப்பில் இவற்றைப் படிக்கும்போது முகம் சுளிப்பது இயல்பே. முன்னோர் சொன்னதெல்லாம் பொன் என்னும் எண்ணத்தை இத்தொகுப்புகளே நமக்குக் கேள்விக்குள்ளாக்கிக் காட்டுகின்றன.

சப்பானும் கொங்கும்

பிற மொழிப் பழமொழிகளோடு ஒப்பிடும்போது தமிழ்ப் பழமொழிகளின் தனித்தன்மை புலப்படும். சான்றாகச் சப்பானிய மொழியைக் கொள்வோம். அந்நாட்டில் பழமொழிகளைச் சீட்டுகளில் எழுதிப் புத்தாண்டு நாள்களில் சிறுவர் விளையாடுவது வழக்கம். ஒருவர் பழமொழியை வாசிக்க, அதற்குரிய படச்சீட்டை முதலில் கைப்பற்றுபவர் வெல்வார். எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஒரு பழமொழி. ஊருக்கு ஊர் சீட்டுத் தொகுதியும் மாறும். பழைய தலைநகரான கியோட்டோவில் வழங்கியதும், இன்று டோக்கியோ எனப்படும் எடோவில் வழங்கியதும் வேறுவேறு. விளையாட்டின் வழியே பழமொழியைக் கையளித்த அம்முறை நம் ஆசிரியர்களுக்கும் பயன்படும்.

யானைக்கு அடி சறுக்கும் என்று நாம் கூறுவதைச் சப்பானியர் குரங்கும் மரத்திலிருந்து விழும் என்பர். சிறுதுளியைப் பெருவெள்ளமாக நாம் காண, அவர்கள் தூசியும் சேர்ந்தால் மலையாகும் என்பர். கிணற்றுத் தவளையோ இரு மொழிகளிலும் ஒன்றுபோலவே வாழ்கிறது. அவர்களுக்கு அது சீனத்துப் பழைய நூலொன்றிலிருந்து வந்தது. வடமொழியிலும் அதே தவளை உண்டு. எந்தக் கிணற்றிலிருந்து எந்தக் கிணற்றுக்குத் தாவியது என்பதை யார் அறிவார்?

ஒற்றுமையைக் காட்டிலும் வேற்றுமை நமக்கு மிகுதியாகக் கற்பிக்கும். விரைந்து செல்ல வேண்டுமானால் சுற்றிச் செல் என்பது ஒரு சப்பானியப் பழமொழி. அதன் பின்னணியில் பிவா என்னும் பெரிய ஏரி உள்ளது. கியோட்டோ செல்வோர் படகில் ஏறினால் தொலைவு குறைவு. ஆனால் மலையிலிருந்து திடீரென இறங்கும் காற்று படகைக் கவிழ்க்கும். கரையோரமாகச் சுற்றிப் பாலத்தைக் கடந்தவரே உறுதியாக ஊர் சேர்ந்தனர். பதறாத காரியம் சிதறாது என்று நாம் கூறும் அதே அறிவுதான்; எனினும் அங்கே அது ஓர் ஏரியின் காற்றிலிருந்து பிறந்திருக்கிறது.

காற்று என்றதும் கொங்கு நாட்டு மாணவர்களுக்கு வேறொரு பழமொழி நினைவுக்கு வரும். ஆடிக்காற்றில் அம்மியும் பறக்கும். தமிழகம் முழுவதும் வழங்கும் பழமொழியே இது. ஆயினும் உடுமலைப்பேட்டை, பல்லடம், பொள்ளாச்சிப் பக்கம் வாழ்வோர்க்கு இது மிகைக்கூற்றாகவே தோன்றாது. மேற்குத் தொடர்ச்சி மலையில் ஏறத்தாழ முப்பது கிலோமீட்டர் அகலத்துக்குத் திறந்து கிடக்கும் பாலக்காட்டுக் கணவாய் வழியே, தென்மேற்குப் பருவக்காற்று அப்படியே உள்ளே புகும். இன்று அவ்வயல்வெளிகளில் நிற்கும் காற்றாலைகள் அப்பழமொழிக்கு வரைந்த உரைபோலவே சுழல்கின்றன. ஆடிப்பட்டம் தேடி விதைக்கச் சொன்னதும் அக்காற்றையும் அதனையொட்டிய மழையையும் நம்பித்தான். அணைநீரும் மின்மோட்டாரும் வந்தபின் பட்டம் தவறியும் விதைக்கிறோம். காளைகளைப் பூட்டிக் கவலை இறைத்த கிணறுகளில் இன்று வடமும் இல்லை, பறியும் இல்லை. கவலை ஓட்டிய காலத்துச் சொலவடை ஒன்றை அப்புச்சி சொன்னால், பேரனுக்குச் சொல் புரியும், பொருள் புரியாது. யாழ்ப்பாணத்தில் இருபத்து மூன்று வயதுப் பெர்சிவல் நின்ற இடத்தில் இப்போது நம் வீட்டுப் பிள்ளைகளே நிற்கின்றனர்.

ஏற்காட்டில்

நாவலர் 1879இல் மறைந்தார். மூன்று ஆண்டுகள் கழித்து, 1882இல், பெர்சிவலின் வாழ்வு ஏற்காட்டில் நிறைவுற்றது. மதராசிலிருந்து சேலம், போத்தனூர் வழியாக மேலைக் கடற்கரைக்கு இருப்புப்பாதை அமைந்து இருபது ஆண்டுகள் ஆகியிருந்த காலம் அது. மலையடிவாரம் வரை தொடர்வண்டியும், அதற்குமேல் குதிரையும் பல்லக்குமாக ஐரோப்பியர் ஏற்காடு சென்றுவந்தனர்.

அவர் மறைந்து இருபத்து நான்கு ஆண்டுகள் கழித்துப் பிறந்து, அதே கொங்கு மண்ணில், காவிரிக் கரையிலுள்ள மோகனூரில் வளர்ந்தவர் கி. வா. ஜகந்நாதன். உ. வே. சாமிநாதையரின் மாணவராகிய அவர் ஊர் ஊராகச் சென்று நாட்டுப்பாடல்களையும் பழமொழிகளையும் திரட்டினார். தமிழ்ப் பழமொழிகள் என்னும் அவரது தொகுப்பு நான்கு பகுதிகளாக வெளிவந்தது. இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட பழமொழிகள் அதில் இடம்பெற்றுள்ளன.